செத்தவன் சீட்டு, 52 பங்கு: 'வேக்கிங் நெட்' படத்தில் யார் யாரை ஏமாற்றினார்கள்?

1998ல் வந்த 'வேக்கிங் நெட்' படத்தை எல்லாரும் மனசுக்கு இதமான கிராமத்துக் காமெடி என்றுதான் சொல்வார்கள். அமெரிக்காவில் 'வேக்கிங் நெட் டிவைன்' என்ற பெயரில் ஓடியது. இதமான படம்தான், மறுக்கவில்லை. ஆனால் இதை ஒரு வழக்காக எடுத்துக்கொண்டு, பணம் யாருடையது, யார் கைக்குப் போனது, நடுவில் யார் வாயை எப்படி அடைத்தார்கள் என்று உட்கார்ந்து கணக்குப் போட்டால், படம் யாரைப் பேராசைக்காரி என்று கைகாட்டுகிறதோ அவர் எடுக்க நினைத்தது மொத்தத் தொகையில் ஒரு சின்னப் பகுதிதான் என்று தெரியவரும். பெரிய தொகை வேறு ஒருவரிடமிருந்து போயிருக்கிறது. அதைப் பார்த்து நாம் எல்லாரும் கண் கலங்கிக் கை தட்டியிருக்கிறோம்.

முழுக் கதையையும் சொல்லப்போகிறேன். படம் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வந்து படிப்பது நல்லது.

நடந்தது என்ன

அயர்லாந்தில் டல்லிமோர் என்று ஒரு கற்பனைக் கிராமம், மொத்த மக்கள்தொகை 52. ஜாக்கி ஓஷே என்ற வயதானவர், அவர் மனைவி ஆனி, ஜாக்கியின் சிநேகிதர் மைக்கேல் ஓசல்லிவன், இந்த மூன்று பேரை வைத்துத்தான் படம் ஓடுகிறது. ஜாக்கியாக இயன் பேனன், மைக்கேலாக டேவிட் கெல்லி, ஆனியாக ஃபியோனுலா ஃப்ளானகன். ஆரம்பக் காட்சியிலேயே ஜாக்கி எப்பேர்ப்பட்ட ஆள் என்று தெரிந்துவிடும். டிவியில் லாட்டரி குலுக்கல் ஓடுகிறது, மனைவியிடம் ஆப்பிள் பை கேட்கிறார், அந்தம்மா எழுந்து வருவதாக இல்லை. உடனே இவர் தன் நம்பர்கள் ஒவ்வொன்றாக விழுவதுபோல நடிக்க ஆரம்பிக்கிறார், ஆனி தட்டோடு ஓடி வருகிறார். ஒரு துண்டு பலகாரத்துக்கே பொய் சொல்கிற ஆள் பல லட்சத்துக்கு என்னவெல்லாம் செய்வார் என்று அங்கேயே சொல்லியாகிவிட்டது.

அப்புறம் பேப்பரில் செய்தி வருகிறது, பெரிய பரிசு விழுந்தது டல்லிமோர்க்காரர் ஒருவருக்கு என்று. யார் என்று தெரியவில்லை. ஜாக்கியும் மைக்கேலும் ஊரில் சீட்டு வாங்குகிறவர்களை எல்லாம் தாஜா செய்து பார்க்கிறார்கள், கோழி விருந்து கூட வைக்கிறார்கள். யார் முகத்திலும் பரிசுக் களை இல்லை. விருந்துக்கு வராத ஒரே ஆள் நெட் டிவைன். அவர் பங்குச் சாப்பாட்டை எடுத்துக்கொண்டு ஜாக்கி ராத்திரியில் அவர் வீட்டுக்குப் போனால், டிவி முன்னால் உட்கார்ந்தபடியே நெட் செத்துக்கிடக்கிறார். கையில் சீட்டு, முகத்தில் சிரிப்பு. பரிசு விழுந்த அதிர்ச்சியிலேயே போய்விட்டார்.

நெட்டுக்கு உறவு என்று யாரும் இல்லை, ஊருக்குத் தெரிந்த அளவில். பரிசு வீணாகப் போய்விடுமே என்று ஜாக்கிக்குத் தாங்கவில்லை. நெட்டே கனவில் வந்து எல்லாருக்கும் பகிர்ந்து கொடு என்று சொன்னதாக எடுத்துக்கொள்கிறார். வசதியான கனவு. டப்ளினிலிருந்து லாட்டரிக்காரர் சரிபார்க்க வருகிறார், மைக்கேல் நெட்டாக நடிக்க வேண்டும். அந்த நேரம் பார்த்து ரெண்டு கிழவர்களும் கடலில் அம்மணமாகக் குளித்துக்கொண்டிருக்க, லாட்டரிக்காரரை நெட் வீட்டுக்குக் கூட்டிப்போகும் ஜாக்கியை முந்த மைக்கேல் ஹெல்மெட்டோடு பிறந்தமேனியாக மோட்டார் சைக்கிளில் பறக்கிறார். படத்தின் விளம்பரத்துக்கே பயன்பட்ட காட்சி அது. எழுபதை நெருங்கிய வயதில் அதை நடித்த டேவிட் கெல்லிக்கு அமெரிக்க நடிகர் சங்க விருதில் பரிந்துரை கிடைத்தது. இதே கெல்லிதான் 2005ல் 'சார்லி அண்ட் தி சாக்லேட் ஃபேக்டரி'யில் தங்கச் சீட்டு கிடைத்த பையனோடு கூடப் போகும் தாத்தாவாக வந்தார். அதிர்ஷ்டச் சீட்டுக்கும் இந்த மனிதருக்கும் ஏதோ ராசி.

பங்குக் கணக்கு

லாட்டரி அதிகாரி மைக்கேலை நெட் என்றே நம்பிவிடுகிறார். ஆனால் ஊரில் நாலு பேரிடம் ஒரு பேச்சுக்கு விசாரித்துக்கொள்கிறேன் என்கிறார். அந்த ஒரு வார்த்தையில்தான் கதை திரும்புகிறது. அதுவரை பரிசு ரெண்டு பேருக்கு. விசாரிப்பேன் என்றதும் ஊர் முழுக்க உள்ளே வர வேண்டியதாகிவிடுகிறது, ஏனென்றால் ஒரே ஒரு ஆள் "நெட்டா? அவர் செத்துட்டாரே" என்று சொன்னால் போதும், ஆள்மாறாட்டம், மோசடி, ஜெயில்.

ஆக, டல்லிமோர் பணத்தைச் சமமாகப் பங்கு போட்டது நல்ல மனசால் மட்டும் இல்லை. இந்தப் பொய் ஒவ்வொருவர் மௌனத்தையும் நம்பி நிற்கிறது, அதனால் ஒவ்வொருவர் மௌனத்துக்கும் ஒரே விலை. பெரியவர், சின்னவர், குடிகாரர், கோயில் வேலை செய்கிறவர், எல்லாருக்கும் கெடுக்கும் சக்தி ஒன்றுதான். பரிசு கிட்டத்தட்ட 69 லட்சம் ஐரிஷ் பவுண்டு, அவர்கள் நினைத்ததைவிட ரொம்பப் பெரியது. தலைக்குப் போட்டால் சுமார் 1,30,000 பவுண்டு வருகிறது. பேராசைக் கதைகளில் வழக்கமாக பங்காளிகள் ஒவ்வொருவராகச் சாவார்கள், பங்கு பெருத்துக்கொண்டே போகும். இங்கே உல்டா. பங்காளி கூடக்கூடப் பங்கு சுருங்குகிறது, ஆனாலும் எல்லாருக்கும் சந்தோஷம். இந்தத் திருப்பத்துக்காகவே எழுதி இயக்கிய கிர்க் ஜோன்ஸுக்கு ஒரு சபாஷ் போடலாம். விளம்பரப் படங்களிலிருந்து வந்த மனிதர், இதுதான் அவருடைய முதல் சினிமா.

சர்ச் காட்சியைச் சொல்லாமல் நகர முடியாது. நெட்டின் இறுதிச் சடங்கு நடந்துகொண்டிருக்கிறது. ஜாக்கி எழுந்து இறந்தவரைப் பற்றிப் பேச ஆரம்பிக்கும் நேரத்தில் அந்த லாட்டரி அதிகாரி உள்ளே நுழைந்துவிடுகிறார். நெட் பெயரைச் சொன்னால் எல்லாம் போச்சு. சர்ச்சே மூச்சு விடாமல் இருக்கிறது. ஜாக்கி ஒரு நொடி தடுமாறிவிட்டு, முதல் வரிசையில் கல் மாதிரி உட்கார்ந்திருக்கும் மைக்கேலைப் பார்த்து, என் உயிர் சிநேகிதன் மைக்கேல் ஓசல்லிவன் போய்விட்டான் என்று பேசத் தொடங்குகிறார். ஒருவன் எவ்வளவு நல்லவன் என்பதை அவன் காது கேட்கும்போது நாம் சொல்வதே இல்லை, அவனும் கேட்காமலே போய்ச் சேர்கிறான் என்று பேச்சு போகிறது. மைக்கேல் கண்ணில் தண்ணீர். மோசடியை மறைக்கச் சொன்ன பேச்சுதான், ஆனால் படத்திலேயே மனசறிந்து சொன்ன உண்மை அது ஒன்றுதான். பேனன் அந்த இடத்தில் குரலை எங்கேயும் தூக்கவில்லை, அழவும் இல்லை. நம்மூர்ப் படம் என்றால் வயலின் காதைக் கிழித்திருக்கும். அடுத்த வருஷமே, 1999 நவம்பரில், ஸ்காட்லாந்தில் ஒரு கார் விபத்தில் பேனன் இறந்துபோனார்.

ஒரு சின்ன விஷயம், இங்கேயே சொல்லிவிடுகிறேன். இந்த அயர்லாந்துக் கிராமம் அயர்லாந்தில் இல்லை. ஐல் ஆஃப் மேன் தீவில் கிரெக்னீஷ் என்ற பழைய கிராமத்தில் எடுத்தார்கள். இயக்குநர் இங்கிலாந்துக்காரர், ஜாக்கியாக நடித்த பேனன் ஸ்காட்லாந்துக்காரர். ஆள்மாறாட்டம் கேமராவுக்குப் பின்னாலும் நடந்திருக்கிறது.

லிசி

ஊரே ஒத்துக்கொண்டபோது ஒத்துக்கொள்ளாதவர் லிசி குவின். மின்சார நாற்காலி வண்டியில் சுற்றும், யாருக்கும் பிடிக்காத, யாரையும் பிடிக்காத கிழவி. அவர் சொல்கிறார்: மோசடியைக் காட்டிக்கொடுத்தால் பரிசில் 10 சதவீதம் எனக்கு வரும், அதனால் எனக்குப் பத்து லட்சம் பவுண்டு கொடுங்கள்.

கணக்கைப் பாருங்கள். ஊரோடு போனால் அவருக்கு 1.3 லட்சம். காட்டிக்கொடுத்தால் சுமார் 6.9 லட்சம், அதுவும் சட்டப்படி வருகிற வெள்ளைப் பணம். மோசடியில் சேராதவர் அவர், பணத்துக்காகத்தான் என்றாலும். பணம் கேட்டு மிரட்டியது தப்பு, அதில் சந்தேகமில்லை. ஆனால் அவர் கேட்ட பத்து லட்சம் ஜாக்கி கையில் இல்லை, ஊர்ப் பங்கிலிருந்துதான் வெட்டிக் கொடுக்க வேண்டும், தலைக்குக் கிட்டத்தட்ட 17,000 பவுண்டு குறையும். ஜாக்கி முடியாது என்கிறார். லிசி நேரே மலை விளிம்பில் இருக்கும் டெலிபோன் பூத்துக்குப் போய் டப்ளினுக்கு நம்பர் சுழற்றுகிறார். பேசி முடிப்பதற்குள், தும்மிக்கொண்டே கார் ஓட்டிவரும் அந்த லாட்டரி அதிகாரிக்கு வழிவிடப் போன இன்னொரு வண்டி பூத்தில் இடிக்க, லிசி பூத்தோடு கடலோரப் பாறைக்குப் போகிறார். இடித்த வண்டியில் வந்தவர் ஊர்ப் பாதிரியார்!

தியேட்டரே சிரிக்கும் இடம் இது. நானும் சிரித்தேன், இப்போது பார்த்தாலும் சிரிப்பேன். ஆனால் படம் இங்கே ஒரு தந்திரம் செய்கிறது. லிசியைக் கொல்ல ஊரில் யாரும் கை தூக்க வேண்டாம் என்பதற்காகத் தும்மலையும் பாதிரியாரையும் கூட்டி வருகிறது, தெய்வமே தீர்ப்புச் சொன்னது போல. வில்லியை முழுக்க முழுக்க வெறுக்கும்படி முன்கூட்டியே செதுக்கி வைத்திருப்பதால் நமக்கு உறுத்தவில்லை. அதே லிசியை வாடகை கொடுக்க முடியாத ஒரு பாவப்பட்ட கிழவியாகக் காட்டியிருந்தால் காமெடி அங்கேயே படுத்திருக்கும்.

பையன்

எனக்கு உண்மையான விவகாரமே இதுதான். மேகி என்று ஓர் இளம்பெண், சூசன் லிஞ்ச் நடித்தது. அவளுக்கு மொரிஸ் என்று ஒரு பையன், அப்பா யார் என்று ஊருக்குத் தெரியாது. பன்றி வளர்க்கும் ஃபின், அதாவது ஜேம்ஸ் நெஸ்பிட், அந்தப் பையன் தன்னுடையவன் என்று நம்புகிறான், மேகியைக் கட்டிக்கொள்ள உயிரை விடுகிறான். பன்றி நாற்றம்தான் இடையில் நிற்கிறது. கடைசியில் மேகி ஜாக்கியிடம் உண்மையைச் சொல்கிறாள். மொரிஸின் அப்பா நெட்.

அப்படியானால் மொத்தப் பணமும் பையனுடையது. இதை ஜாக்கியே சொல்கிறார், உரிமை கேள் என்று வற்புறுத்துகிறார், அது அவருக்குப் பெருமைதான். மேகி மறுக்கிறாள். பையனுக்கு ஒரு அப்பா வேண்டும், ஊருக்குப் பணம் வேண்டும், ரகசியம் ரகசியமாகவே இருக்கட்டும் என்கிறாள். இசை வருகிறது, நமக்கு நெஞ்சு இளகுகிறது.

இப்போது அயர்லாந்துச் சட்டத்தைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். லாட்டரிச் சீட்டு ஒரு சொத்து. வைத்திருந்தவர் செத்தால் அது வாரிசுக்குப் போகும், காற்றில் கரையாது. அங்கே 1965ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டப்படி, உயில் எழுதாமல், மனைவியும் இல்லாமல் ஒருவர் இறந்தால் பிள்ளைக்கு மொத்தமும் சேரும். உறவு ஒருத்தரும் இல்லாவிட்டால் கடைசியில் அரசாங்கத்துக்குப் போகும். கல்யாணத்துக்கு வெளியே பிறந்த பிள்ளை என்றால்? ஒரு காலத்தில் அது பெரிய தடைதான். 1987ல் பிள்ளைகளின் நிலை குறித்த சட்டம் வந்து, பெற்றோர் கல்யாணம் செய்திருந்தாலும் செய்யாவிட்டாலும் பிள்ளைகளுக்கு ஒரே உரிமை என்றாக்கிவிட்டது. அயர்லாந்தில் தேசிய லாட்டரி தொடங்கியதும் அதே 1987தான். ஆக, படம் வந்த 1998ல் மொரிஸின் உரிமையில் ஓட்டையே இல்லை, நெட்தான் அப்பா என்று நிரூபிப்பது ஒன்றுதான் வேலை. அம்மாவே சாட்சி சொல்ல இருக்கிறாள்.

ஆனால் பையனின் சொத்தைத் தானம் செய்ய அம்மாவுக்கு ஏது அதிகாரம்? அவள் காவலாள், சொந்தக்காரி இல்லை. 69 லட்சத்துக்கு உரியவன் கைக்கு வருவது ஊரில் ஒருவனாக 1.3 லட்சம். அம்மா பங்கு, ஃபின் பங்கு என்று சேர்த்தாலும் நாலு லட்சத்தைத் தொடவில்லை. லிசி பத்து லட்சம் கேட்டார், அவரைப் பாறையில் போட்டார்கள். பையனிடமிருந்து அறுபத்தைந்து லட்சத்துக்கு மேல் போயிற்று, அதற்கு விஸ்கிக் கோப்பையைத் தூக்கினார்கள்.

மேகி பக்கத்திலும் ஒரு நியாயம் உண்டு. திடீரென்று கோடீஸ்வரனான பத்து வயசுப் பையன், தன் பிள்ளை இல்லை என்று தெரிந்துபோன ஃபின், ஆளுக்கு ஒரு பங்கு போன கடுப்பில் 50 பேர். அந்த ஊரில் அவள் எப்படிக் குடியிருப்பாள்? அவள் வாங்குவது ஒரு குடும்பத்தை, கொடுக்கிற விலைதான் அவளுடையது இல்லை. இதையெல்லாம் விடக் கடுப்பு, பையனிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஊரிலேயே பணத்தைப் பற்றித் தெளிவாகப் பேசுகிறவனே அவன்தான். தற்காலிகமாக வந்த இளம் பாதிரியாரிடம், நீங்கள் இயேசுவைப் பார்த்திருக்கிறீர்களா, சம்பளம் எவ்வளவு என்று விசாரிக்கிறான். பார்க்காத ஆளுக்குக் கூலி வாங்காமல் வேலை செய்ய என்னால் ஆகாது என்பது அவன் கட்சி. அவனிடம் இந்த ஒப்பந்தத்தைக் காட்டியிருந்தால் என்ன சொல்லியிருப்பான் என்று ஊகிக்கப் பெரிய அறிவு தேவையில்லை.

ஆடு, கடன், அப்புறம் இன்னொரு ஊர்

இந்தக் கதையின் சாயலில் பிரியதர்ஷன் 2006ல் இந்தியில் 'மாலாமால் வீக்லி' எடுத்தார். கோழி விருந்து ஆட்டு விருந்தானது, பரிசு ஒரு கோடி ரூபாயானது, ஜாக்கி இடத்தில் சீட்டு விற்கும் லீலாராமாகப் பரேஷ் ராவல், கூட்டாளி பல்லுவாக ஓம் புரி. சிரித்த முகத்தோடு செத்துக்கிடக்கும் ஆண்டனியாக நம் பக்கத்து இன்னசென்ட். பிணமாக இருந்தே சிரிக்க வைத்தார் மனுஷன். 2014ல் மலையாளத்தில் 'ஆமயும் முயலும்' என்று பிரியதர்ஷனே திரும்பவும் எடுத்தார், முதல் இந்திப் படத்தின் ஓட்டம் அதில் இல்லை.

கூச்சலும் துரத்தலும் அதிகம், ஆங்கிலப் படத்தின் நிதானம் கிடையாது, சர்ச் காட்சிக்கு ஈடாக ஒன்றும் கிடையாது. ஆனாலும் ஒரு இடத்தில் பிரியதர்ஷன் ஜோன்ஸைத் தாண்டிவிட்டார் என்று நினைக்கிறேன். லஹோலி கிராமம் முழுக்க டாகுராயின் என்ற நிலக்காரியிடம் கடன்பட்டுக் கிடக்கிறது. டல்லிமோர்க்காரர்களுக்குப் பணம் வந்தாலும் வராவிட்டாலும் சாராயக்கடை திறந்திருக்கும். லஹோலியில் பணம் வராவிட்டால் வீடு போகும். அதனால் அங்கே பேராசை என்று நாம் சிரிப்பதில் பாதி உண்மையில் பயம். ஓம் புரி அந்தச் சீட்டைப் பார்க்கும் பார்வையிலேயே அது இருக்கிறது.

நிஜத்தில் இப்படி ஊருக்கே பரிசு விழுந்ததுண்டா? விழுந்திருக்கிறது. ஸ்பெயினில் அரகோன் பகுதியில் சோதேத்தோ என்ற விவசாயக் கிராமம், சுமார் 250 பேர், 70 வீடு. வறட்சியில் அடிபட்டுக் கிடந்த ஊர். 2011 டிசம்பர் 22ல் கிறிஸ்துமஸ் லாட்டரியின் முதல் பரிசு 58268 என்ற எண்ணுக்கு விழுந்தது, அந்த எண்ணை ஊரின் இல்லத்தரசிகள் சங்கம் வீடு வீடாகப் போய் விற்றிருந்தது. ஸ்பெயினில் ஒரே எண்ணைப் பல சீட்டுகளாக அச்சடிப்பார்கள். 20 யூரோ சீட்டுக்கு 4 லட்சம் யூரோ. அந்தச் சீட்டையும் சங்கங்கள் துண்டுபோட்டுச் சின்னப் பங்குகளாக விற்பது வழக்கம், 5 யூரோ போட்டவருக்கே ஒரு லட்சம் யூரோ வந்தது. டல்லிமோரில் பரிசு விழுந்த பிறகு பங்கு போட்டார்கள், அதனால் பொய், பிணம், மிரட்டல் எல்லாம் தேவைப்பட்டது. சோதேத்தோவில் விழுவதற்கு முன்பே பங்கு போட்டாயிற்று. யாரும் யாருடைய வாயையும் அடைக்க வேண்டியிருக்கவில்லை.

அங்கேயும் ஒருவர் விட்டுப்போனார். ஒரு பெண்ணை விரும்பி அந்த ஊருக்கு வந்து குடியேறியிருந்த, படமெடுக்கும் தொழில் செய்த ஒரு கிரேக்கர். அவர் வீட்டை மட்டும் சங்கத்துப் பெண்கள் எப்படியோ தாண்டிப் போய்விட்டார்கள். ஊரே தெருவில் ஆடிக்கொண்டிருக்க, இவர் கேமராவை எடுத்துக்கொண்டு வந்து படம் பிடித்தார். ரொம்ப நாளாக ஒரு நிலத்தை விற்கப் பார்த்துக்கொண்டிருந்தவர், வாங்க ஆளில்லை. பரிசு விழுந்த மறுநாள் பக்கத்துக்காரர் ஒருவர் நிலத்தை நான் எடுத்துக்கொள்கிறேன் என்று கூப்பிட்டார். அதற்கடுத்த நாள் இன்னொருவரும் கூப்பிட்டார். ரெண்டு பேரையும் மோதவிட்டு விலையை ஏற்றியிருக்கலாம், கையில் காசு புரளும் நேரம், கொடுத்திருப்பார்கள். சின்ன ஊரில் மனக்கசப்பு எதற்கு என்று அவர் ஏலம் போடவில்லை.